கோணேசர் நகர்வலத்தைப் படமாக்க: கேள்வி பதில்

சிவராத்திரி முடிந்த கையோடு, திருக்கோணேஸ்வரம் கோயில் சிவனான கோணேசர் மலையிறங்கித் திருகோணமலைத் தெருக்களில் நகர்வலம் வருவார். பேட்டி, வர்ணனை இல்லாமல் நடப்பதை நடந்தபடியே ஆவணப்படமாக்க விரும்புகிறவர்கள் கேட்டவை இவை.

உப்புவெளியிலிருந்து: அக்கா, சுவாமி வந்து போக பத்து நிமிசம். முழுப்படத்துக்கு என்னத்தை எடுக்கிறது?

சுவாமிக்குப் பின்னால ஓடினால் பத்து நிமிசம்தான் தம்பி. ஒரு வீட்டுப் படலையடியில பின்னேரமே போய் நில்லுங்கோ. முத்தம் கூட்டித் தண்ணி தெளிப்பினம், கோலம் விழும், மேசையில வெள்ளை விரிச்சு நிறைகுடம் வைப்பினம். தேங்காய்க் குடுமி சரியில்லை எண்டு அம்மம்மா மாத்தச் சொல்லுவா. சுவாமி பிந்தும். காத்துக்குக் குத்துவிளக்கு நூரும், திரும்பக் கொளுத்துவினம். சின்னது அர்ச்சனைத் தட்டுக்குப் பக்கத்திலேயே நித்திரையாகிவிடும். மேளம் கேட்டதும் அவ்வளவு பேரும் ஒரேயடியா எழும்புவினமே, அதுக்காகத்தான் அந்த ஒரு படலையை விடாமல் நிக்கச் சொல்லுறன்.

தம்பலகாமத்திலிருந்து: சோடனை லைற்றெல்லாம் வீடியோவில துடிக்குது. கமரா பழுதா?

இல்லை. எங்கட மின்சாரம் 50 ஹேர்ட்ஸ், லைற்றும் அதோட சேர்ந்து துடிக்கும். செக்கனுக்கு 25 பிரேமில எடுக்கேக்க ஷட்டரை (ஒவ்வொரு பிரேமுக்கும் வெளிச்சம் விழுற நேரத்தை) 1/50 அல்லது 1/100 செக்கனில வையுங்கோ. மலிவான எல்.ஈ.டி. சரங்கள் அப்பவும் துடிக்கலாம். ஷட்டரைச் சிறுகச் சிறுக மாத்தி, துடிப்பு அடங்கிற இடத்தில விடுங்கோ.

மூதூரிலிருந்து: தவில் தொடங்கினதும் சத்தம் கிழியுது.

சத்த மட்டத்தைக் கமரா தானாவே கூட்டிக் குறைக்கிற ஓட்டோ லெவலை நிப்பாட்டுங்கோ. ஆக்கள் மெல்லக் கதைக்கேக்க அது மட்டத்தைக் கூட்டி வைச்சிருக்கும், தவிலின்ர முதல் அடியே உடைஞ்சுபோகும். வசதியிருந்தால் இன்னொரு தடத்தில குறைஞ்ச மட்டத்திலயும் பதியுங்கோ.

ட்ரோன் விடலாமா?

கோயில் இருக்கிற கோட்டைக்குள்ள இராணுவ முகாம் இருக்கு. அனுமதியில்லாமல் நினைக்கவே வேண்டாம். அனுமதி கிடைச்சாலும் நான் விடமாட்டன். கவைத்தடியால கரண்ட் வயரை உயர்த்திப் பிடிக்கிற பெடியன்ர முகம் மேலேயிருந்து தெரியாதே.

நிலாவெளியிலிருந்து: கமராவைக் கண்டால் எல்லாரும் சிரிச்சு நிக்கினம்.

முதல்நாள் கமரா இல்லாமல் போய், படம் எடுக்கப்போறதைச் சொல்லி, தேத்தண்ணி குடிச்சுட்டு வாங்கோ தங்கச்சி. வேண்டாமெண்டால் அடுத்த வீடு.

1950இல கிணறு வெட்டேக்க கோணேசர் கோயில் விக்கிரகங்கள் கிடைச்ச கதையை, வர்ணனை இல்லாமல் எப்படிச் சொல்லுறது?

காத்திருக்கிற தாத்தா யாரும் பேரனுக்குச் சொன்னால் அதிர்ஷ்டம். நீங்கள் அவரை உசுப்பிச் சொல்லவைச்சால் அது பேட்டி. ஒருத்தரும் சொல்லாட்டில் தொடக்கத்தில இரண்டு வரி எழுத்தாப் போடுங்கோ, போதும்.