கூப்பன் பெட்டியில் போட்ட போன் நம்பர் எங்கே போகிறது?

கேள்வி: மகள் கல்யாணத்துக்குப் புடவை எடுக்கப் புதுச்சேரி நேரு வீதியில் ஒரு பெரிய ஜவுளிக் கடைக்குப் போனோம். பில் போடும்போது நம்பர் கேட்டார்கள், கொடுத்தேன். குலுக்கல் கூப்பன் ஒன்றைப் பூர்த்தி செய்து பெட்டியில் போடச் சொன்னார்கள், போட்டேன். அடுத்த வாரத்திலிருந்து மண்டபம், போட்டோ, கேட்டரிங், நகைச் சீட்டு, பெர்சனல் லோன் என்று ஓயாமல் போன். "கல்யாணம் தையில்தானே மேடம்?" என்றே கேட்கிறார்கள். கடையில் விசாரித்தால் "நாங்க யாருக்கும் கொடுக்கலைங்க" என்கிறார்கள். வழக்குப் போட முடியுமா?
– வாசகி, திருப்பாதிரிப்புலியூர்

பதில்: அந்தக் கூப்பனில் கல்யாண மாதம் எழுத ஒரு கட்டம் இருந்திருக்கும், இல்லையா? வெறும் பத்து இலக்க நம்பருக்குச் சந்தையில் பெரிய மதிப்பில்லை. 'கடலூர், பெண் வீட்டார், தையில் கல்யாணம்' என்று சேர்ந்த பிறகுதான் அதற்கு விலை கிடைக்கிறது. அதை நீங்களே எழுதி, மடித்து, பெட்டியில் போட்டுவிட்டு வந்திருக்கிறீர்கள்.

கடை முதலாளியே விற்றார் என்று நான் சொல்ல மாட்டேன். கூப்பன்களைக் கம்ப்யூட்டரில் ஏற்ற வெளியே கொடுத்திருக்கலாம். எஸ்.எம்.எஸ். அனுப்பும் ஏஜென்சியிடமிருந்து பட்டியல் கசிந்திருக்கலாம். வேலை செய்யும் ஒருவரே எக்செல் கோப்பை வாட்ஸ்அப்பில் யாருக்கோ தள்ளிவிட்டிருக்கலாம். இப்படி நாலா பக்கமும் இருந்து வரும் பட்டியல்களை வாங்கி, ஒன்றோடொன்று கோத்து, வகை பிரித்து மறுபடி விற்பவர்களைத்தான் டேட்டா புரோக்கர் என்கிறார்கள். 2023 ஏப்ரலில் சைபராபாத் போலீஸார் கைது செய்த ஒருவரிடம் மட்டும் 66.9 கோடிப் பேர் மற்றும் நிறுவனங்களின் விவரங்கள் இருந்ததாக அறிவித்தார்கள்.

அமெரிக்காவில் இது போர்டு மாட்டி நடத்தும் தொழில். வெர்மான்ட் மாநிலம் 2018-லேயே, புரோக்கர்கள் அரசிடம் பதிவு செய்ய வேண்டும் என்று சட்டம் போட்டது. கலிபோர்னியாக்காரர்கள் 2026 ஜனவரியிலிருந்து ஒரே விண்ணப்பத்தில், பதிவு பெற்ற எல்லா புரோக்கர்களிடமும் 'என் விவரத்தை அழி' என்று கேட்கலாம். நம்மிடம் அப்படி ஒரு பதிவேடே கிடையாது. யாரிடம் இருக்கிறது என்று தெரியாமல் யாரிடம் போய் அழிக்கச் சொல்வது?

வழக்கு விஷயத்துக்கு வருவோம். நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019, பிரிவு 2(47)-ஐப் பாருங்கள். நுகர்வோர் நம்பிக் கொடுத்த சொந்தத் தகவலைச் சட்டம் அனுமதிக்காத வகையில் வேறொருவருக்கு வெளியிடுவதும் முறையற்ற வணிக நடைமுறைதான் என்று அதில் இருக்கிறது. எல்லோரும் புதிய டேட்டா பாதுகாப்புச் சட்டம் அமலுக்கு வரட்டும், வரட்டும் என்று காத்திருக்கிறார்கள். இந்த வரியை யாரும் கண்டுகொள்வதில்லை. கடை புதுச்சேரியில் இருந்தாலும் நீங்கள் குடியிருக்கும் கடலூர் மாவட்ட நுகர்வோர் ஆணையத்திலேயே புகார் தரலாம். வாங்கிய பொருளின் மதிப்பு 5 லட்சம் ரூபாய் வரை கட்டணம் இல்லை. இரண்டு வருடத்துக்குள் தர வேண்டும்.

சிக்கல் சாட்சியத்தில். இந்தக் கடையிலிருந்துதான் போனது என்று காட்ட வேண்டுமே! உங்கள் விஷயத்தில் அது கஷ்டம் என்றுதான் நினைக்கிறேன். கல்யாணச் செய்தி மண்டபக்காரர், ஜோசியர், பத்திரிகை அச்சடிப்பவர் என்று பத்து இடத்துக்குப் போயிருக்கும். இனிமேலாவது கடைக்கொரு இனிஷியல் வைத்துப் பெயர் கொடுங்கள். இங்கே எஸ்., அங்கே கே. யாராவது போன் செய்து தப்பான இனிஷியலோடு கூப்பிட்டால் எங்கிருந்து வந்தது என்பது புரிந்துவிடும். அந்த அழைப்பைப் பதிவு செய்து வையுங்கள். வாரண்டி உள்ள பொருள், நகை ஆகியவற்றுக்கு மட்டும் சரியான பெயரையே கொடுங்கள், பின்னால் உங்களுக்குத்தான் தொல்லை.

இன்னொன்று, பில் போட நம்பர் தேவையே இல்லை. 50,000 ரூபாய்க்குக் குறைவான பில்லில் ஜி.எஸ்.டி. எண் இல்லாத வாடிக்கையாளரின் பெயர், முகவரிகூடக் கட்டாயமில்லை. நீங்களே கேட்டால் போடுவார்கள். போன் நம்பரை எந்தத் தொகைக்கும் ஜி.எஸ்.டி. விதி கேட்கவில்லை. நம்பர் கொடுக்காவிட்டால் பொருள் தர மாட்டோம் என்பது தவறு என்று மத்திய நுகர்வோர் விவகாரத் துறை 2023 மே மாதம் தொழில் அமைப்புகளுக்கு அறிவுரையும் அனுப்பியிருக்கிறது. "சிஸ்டம் ஏத்துக்காதுங்க" என்று பில் போடும் பெண் சொன்னால் அவரிடம் கோபப்படாதீர்கள், அவருக்கு அப்படித்தான் சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். மேனேஜரைக் கூப்பிடச் சொல்லுங்கள். சிஸ்டம் உடனே ஏற்றுக்கொள்ளும்.

கேள்வி: என் கார் பி.ஒய். 01 பதிவு. இன்சூரன்ஸ் முடிய ஒரு மாதம் இருக்கும்போதே தேதி, மாடல் எல்லாம் சொல்லி அழைக்கிறார்கள். நான் யாருக்கும் கொடுக்கவில்லையே?
– வாசகர், முத்தியால்பேட்டை

பதில்: நீங்கள் கொடுக்கவில்லை, அரசே கொடுத்த காலம் ஒன்று உண்டு. மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகம் 2019-ல் ஒரு கொள்கை வெளியிட்டு, வாகனப் பதிவு, லைசென்ஸ் விவரங்களை மொத்தமாக விற்றது. தனியார் நிறுவனங்களுக்கு வருடம் 3 கோடி ரூபாய். 87 தனியார் நிறுவனங்களுக்கும் 32 அரசு அமைப்புகளுக்கும் இந்த விவரங்களைப் பார்க்க வழி செய்து தந்ததாகவும், அதில் 65 கோடி ரூபாய் வருமானம் வந்ததாகவும் அந்த வருடமே நாடாளுமன்றத்தில் அமைச்சர் சொன்னார். 2020-ல் கொள்கையைக் கைவிட்டார்கள். வெளியே போனது போனதுதான், திரும்பி வராது.

அதற்குப் பிறகு வாங்கிய கார் என்றால் ஷோரூம், ஏஜென்ட், இணையத்தில் விலை ஒப்பிட்டுப் பார்த்த தளம் மூன்றையும் யோசியுங்கள். விலை பார்க்கும் பக்கத்தில், 'டி.என்.டி.யில் (விளம்பர அழைப்பு வேண்டாம் என்று பதிந்தவர்கள் பட்டியல்) இருந்தாலும் என்னை அழைக்கலாம்' என்ற வரிக்கு அவர்களே முன்கூட்டி டிக் போட்டு வைத்திருப்பார்கள்.

விளம்பர அழைப்பு 140-ல் தொடங்கும் எண்ணிலிருந்துதான் வர வேண்டும். சாதாரண மொபைல் நம்பரிலிருந்து விற்பனைக்கு அழைத்தால் 7 நாளுக்குள் 1909-க்கோ, தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராயின் டி.என்.டி. ஆப்பிலோ புகார் கொடுங்கள். 2025 பிப்ரவரித் திருத்தத்துக்குப் பின், இப்படி விளம்பர அழைப்புக்கென்று பதிவு செய்யாத எண்களைப் பற்றிப் புகார் தர நீங்கள் டி.என்.டி.யில் பதிந்திருக்க வேண்டியதுகூட இல்லை. பத்து நாளில் ஐந்து புகார் சேர்ந்தால் அந்த நம்பர் மீது நடவடிக்கை தொடங்க வேண்டும். பிளாக் செய்வதோடு நின்றுவிடாதீர்கள். பிளாக் செய்தால் உங்களுக்கு மட்டும்தான் நிம்மதி.

கேள்வி: புதிய டேட்டா பாதுகாப்புச் சட்டம் வந்துவிட்டதாமே? ஒருவர் மீது புகார் கொடுத்தால் 250 கோடி ரூபாய் வரை கிடைக்கும் என்று வாட்ஸ்அப்பில் வந்தது. உண்மையா?
– வாசகி, லாஸ்பேட்டை

பதில்: உங்களுக்குக் கிடைக்காது. சட்டம் 2023 ஆகஸ்டில் நிறைவேறியது, விதிகள் 2025 நவம்பரில் வெளியாயின. 250 கோடி என்பது தகவலைப் பாதுகாக்கத் தவறிய நிறுவனத்துக்கு, இந்தச் சட்டப்படி அமையும் டேட்டா பாதுகாப்பு வாரியம் விதிக்கக்கூடிய உச்ச அபராதம், அது அரசு கஜானாவுக்குப் போகும். பாதிக்கப்பட்டவருக்கு இழப்பீடு தர இந்தச் சட்டத்தில் வழி வைக்கவில்லை. எனக்கு இதில் பெரிய வருத்தம் உண்டு. அதனால்தான் நுகர்வோர் ஆணையத்தை விட்டுவிடாதீர்கள் என்று மேலே சொன்னேன்.

என்ன வைத்திருக்கிறாய், யாருக்குக் கொடுத்தாய் என்று கேட்பதும், திருத்து, அழி என்பதும், கொடுத்த சம்மதத்தைத் திரும்பப் பெறுவதும் சட்டத்தில் இருக்கின்றன. ஆனால் அறிவித்த கால அட்டவணைப்படி இவை அமலுக்கு வருவது விதிகள் வெளியான 18 மாதம் கழித்து, அதாவது 2027 மே வாக்கில். ஒரு ஓட்டையும் இருக்கிறது. நீங்களே பொதுவெளியில் போட்ட தகவலுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது. 'வீடு வாடகைக்கு' என்று முகநூலில் நம்பரோடு போட்டிருந்தால் அதை முதலில் எடுத்துவிடுங்கள்.

கேள்வி: லாட்ஜில் ஆதார் ஜெராக்ஸ் கேட்கிறார்கள். கொடுக்கலாமா?
– வாசகர், நெல்லிக்குப்பம்

பதில்: தங்குபவர் யார் என்று அவர்கள் பார்த்தாக வேண்டும், அதில் தப்பில்லை. அதற்கு டிரைவிங் லைசென்ஸ், வாக்காளர் அட்டை போதும். ஆதார்தான் கையில் இருக்கிறது என்றால் முதல் எட்டு இலக்கம் மறைந்த மாஸ்க்டு ஆதாரை, ஆதார் வழங்கும் அமைப்பான யு.ஐ.டி.ஏ.ஐ. தளத்தில் இறக்கிக்கொள்ளலாம். ஜெராக்ஸின் குறுக்கே லாட்ஜ் பெயர், தேதி, 'தங்குவதற்கு மட்டும்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கள். ரிசப்ஷனில் இருப்பவர் தன் சொந்த போனில் படம் எடுக்க வந்தால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.