கேட் கலெக்‌ஷன் டப்பாவும் டேர்ம் ஷீட்டும்

வணக்கம் சார்,

நான் திருச்சில பொறந்து ஒன்பது வயசுல அப்பா அம்மாவோட ஜோகன்னஸ்பர்க் வந்தவ. இப்ப 27. சாண்ட்டன்ல ஒரு இன்வெஸ்ட்மென்ட் பேங்க்ல நாலாவது வருஷம், கார்ப்பரேட் ஃபைனான்ஸ் டீம். யுனிவர்சிட்டி வரைக்கும் ஹாக்கி ஆடினேன், முட்டி போச்சு, அதோட நின்னுடுச்சு. ராத்திரி ஒரு மணிக்கு ஏதோ சிமெண்ட் கம்பெனிக்கு எக்செல்ல மாடல் போட்டுட்டு இருக்கும்போதெல்லாம் இதையே ஒரு விளையாட்டு அமைப்புக்குப் பண்ணினா என்னன்னு தோணும். ஐசிசி, ஐஓசிங்கற ஒலிம்பிக் கமிட்டி மாதிரி எடத்துல வேலை பாக்கணும்னு ஆசை, அதுக்காக பேங்க்க விடவும் மனசில்ல. சுவிட்சர்லாந்துல ஃபிஃபா மாஸ்டர்னு விளையாட்டு நிர்வாகத்துக்கு ஒரு கோர்ஸ் இருக்கு, சேரலாமா? இந்த ரெண்டையும் ஒரே வாழ்க்கைல யாராவது சேத்துப் பண்ணியிருக்காங்களா? ஆத்துல ஒரு கால் சேத்துல ஒரு கால்ன்னு அப்பா திட்றார். நீங்க டர்பன்ல கிளப் கணக்கெல்லாம் பாத்தவர்னு ஒரு கட்டுரைல படிச்சேன், அதான் கேக்கறேன்.

ந., ஜோகன்னஸ்பர்க்

அன்புள்ள ந.,

பதில் லேட்டாயிடுச்சு, மன்னிக்கணும். வீட்ல காவடி விரதம், அது முடிஞ்சதும் எனக்கு இருமல், அப்படியே மூணு வாரம் ஓடிப்போச்சு.

மொதல்ல கோர்ஸ் விஷயத்த முடிச்சுடுவோம். ஃபிஃபா மாஸ்டர் சுவிட்சர்லாந்துல மட்டும் நடக்கறதில்ல, இங்கிலாந்துல லெஸ்டர், இத்தாலில மிலான், கடைசில சுவிஸ்ல நியூஷாடெல்னு மூணு ஊர்ல ஒரு வருஷம் ஓடும், 2000லேர்ந்து நடக்குது. லோசான்லயும் ஏஐஎஸ்டிஎஸ்னு ஒண்ணு இருக்கு. ரெண்டுமே நல்ல கோர்ஸ்தான், ஆனா நீங்க இப்ப போக வேண்டாம்ன்னு நெனக்கறேன். அங்க சொல்லித்தர்ற ஃபைனான்ஸ் உங்களுக்கு ஏற்கனவே தெரியும், உங்களுக்குத் தெரியாதது என்னன்னா ஒரு விளையாட்டு அமைப்புல ஓட்டு எப்படி விழுதுங்கறது, அத கிளாஸ்ல உக்காந்து கத்துக்க முடியும்னு எனக்குத் தோணல.

நான் கத்துக்கிட்டது ஒரு பேக்கர்ஸ் பிஸ்கட் டப்பாலேர்ந்து. 1997ல தூத்துக்குடிலேர்ந்து டர்பன் வந்து ஒரு ஷிப்பிங் கம்பெனில அக்கவுண்ட்ஸ் பாத்துட்டு இருந்தேன், சாட்ஸ்வர்த்ல வீடு, பக்கத்துல ஒரு கிரிக்கெட் கிளப். கணக்கு தெரிஞ்சவன்னு ஒரு காரணத்துக்காக என்ன பொருளாளர் ஆக்கிட்டாங்க, சம்பளம் கெடையாது, சனிக்கிழமை ஒரு பன்னி சௌ (பிரெட்ட குடைஞ்சு உள்ள கறிக்குழம்பு ஊத்தித் தர்றது) உண்டு. மேட்ச் முடிஞ்சதும் கேட் கலெக்‌ஷன் அந்த டப்பால வரும், அத கிச்சன் டேபிள்ல கொட்டி அஞ்சு ராண்ட் காசு, ரெண்டு ராண்ட் காசுன்னு அடுக்கி அடுக்கி வச்சு எண்ணுவேன், அடில எப்பவும் ஒரு பொத்தான், ரெண்டு பழைய பஸ் டிக்கெட், யாரோ எழுதிக் குடுத்த கடன் சீட்டு இருக்கும். ஒரு வருஷம் ஃபைனலுக்கு ஒரு கடைக்காரர் கோப்பையும் சாப்பாடும் ஸ்பான்சர் பண்றேன்னு மைக்ல சொல்லிட்டார், எல்லாரும் கை தட்டினாங்க, நானும் தட்டினேன். சமையல்காரருக்கு அட்வான்ஸ் குடுத்தாச்சு, கோப்பை வந்தாச்சு, அவர் குடுத்த செக்கு திரும்பிடுச்சு. கமிட்டில ஒருத்தரும் அவர்ட்ட கேக்க மாட்டேன்ட்டாங்க. ஏன்னா அடுத்த மாசம் தலைவர் தேர்தல், அவர் கைல எட்டு ஓட்டு! கடைசில நானும் செயலாளரும் ஆளுக்குப் பாதி போட்டு அடைச்சோம். பொருளாளரா இருந்தவன் மைக்ல சொன்னத எழுதி வாங்காம விட்டேன், தப்பு என்மேலயும்தான்.

சிரிக்காதீங்க, இதையே பெரிய சைஸ்ல எங்க ஊர் பாத்துச்சு. 2022 காமன்வெல்த் விளையாட்டு டர்பனுக்குன்னு 2015 செப்டம்பர்ல ஆக்லாந்துல அறிவிச்சாங்க, ஆப்பிரிக்காவுலயே மொத தடவை, போட்டிக்கு நின்ன எட்மன்டன் முன்னாடியே விலகிடுச்சு, நாங்க ஒருத்தர்தான். ஊரே குதிச்சுது. கைல மோசஸ் மபீடா ஸ்டேடியம் 2010 உலகக் கோப்பைக்குக் கட்டினது ரெடியா நிக்குது, பக்கத்துலயே கிங்ஸ் பார்க், என்ன கொறைன்னு நெனச்சோம். கொறை என்னன்னா பணம் பத்தலன்னா யார் குடுப்பாங்கங்கற உத்தரவாதக் கடிதத்துல அரசாங்கத்துல யாரும் கையெழுத்துப் போடல, ஹோஸ்ட் சிட்டி ஒப்பந்தமும் கையெழுத்தாகல, கெடு மேல கெடு போச்சு, 2017 மார்ச்ல பறிச்சுட்டாங்க, அந்த வருஷக் கடைசில பர்மிங்காமுக்குப் போயிடுச்சு. மைக்ல சொன்னது, கை தட்டினது, செக்கு வரல. சைபர் மட்டும்தான் கூட.

அந்த நேரத்துல அந்த ரூம்ல உங்கள மாதிரி ஒருத்தர் இருந்திருந்தா மாத்தியிருக்க முடியுமான்னு எனக்குத் தெரியல, ஆனா "வரலன்னா யார் குடுப்பா"ன்னு மொத நாளே கேக்கறது உங்க தொழிலோட பழக்கம். விளையாட்டுக்காரங்களுக்கு அந்தப் பழக்கம் கம்மி. எல்லாரும் தொறப்பு விழாலேர்ந்து யோசிக்க ஆரம்பிப்பாங்க.

சரி, யாராவது சேத்துப் பண்ணியிருக்காங்களான்னு கேட்டீங்க. இருக்காங்க. ரிச்சர்ட் காரியோன்னு போர்ட்டோ ரிக்கோக்காரர், அங்க பாப்புலர்ங்கற பேங்கோட தலைவரா இருந்துக்கிட்டே ஐஓசி உறுப்பினர், அதோட நிதிக் கமிஷன் தலைவர். 2011ல அமெரிக்க என்பிசிகிட்ட 2014லேர்ந்து 2020 வரைக்கும் நாலு ஒலிம்பிக்ஸுக்கு 438 கோடி டாலர் டிவி உரிமைப் பேச்சுவார்த்தைய நடத்தினவர் அவர்தான். இன்வெஸ்ட்மென்ட் பேங்கர்னு சொல்ல முடியாது, சாதா பேங்கர்தான், ஆனா நீங்க கேக்கற வாழ்க்கைக்கு இதவிட கிட்ட ஒரு ஆள் எனக்குத் தெரிஞ்சு இல்ல. ஆனா பாருங்க, அவ்ளோ பணம் கொண்டுவந்தவர் 2013ல ஐஓசி தலைவர் தேர்தல்ல நின்னார், தாமஸ் பாக் ஜெயிச்சார். இன்னொரு பக்கம் எட் உட்வர்ட், ஜேபி மார்கன்ல இருந்தவர், 2005ல கிளேசர் குடும்பம் மான்செஸ்டர் யுனைடெட்ட வாங்கினப்ப ஆலோசனை சொன்னவர், அப்பறம் அந்த கிளப்ப நடத்தற நாற்காலிலயே போய் உக்காந்தார். ஸ்பான்சர் பிடிக்கறதுல கெட்டிக்காரர், ரசிகர்கள்ட்ட வாங்கின திட்டு கொஞ்சநஞ்சமில்ல.

ஆனா நீங்க உக்காந்து படிக்க வேண்டியது நம்ம ஹாரூன் லோர்காட் கதைய. போர்ட் எலிசபெத்ல பொறந்தவர், நிறவெறிக் காலத்துல நிறம் பாக்காத போர்டுக்கு ஆடின ஆல்ரவுண்டர், படிச்சது சார்ட்டர்ட் அக்கவுண்டன்ட். 2008லேர்ந்து 2012 வரைக்கும் ஐசிசி தலைமை நிர்வாகி. அவர் காலத்துலதான் வுல்ஃப் பிரபுன்னு இங்கிலாந்து முன்னாள் தலைமை நீதிபதிய வச்சு ஐசிசி எப்படி நடக்குதுன்னு ஒரு அறிக்கை வாங்கினாங்க, பெரிய நாடுகள் சொல்றபடி மட்டும் நடக்காதீங்க, வெளியாள்கள இயக்குநரா போடுங்கன்னு 2012ல அது சொல்லுச்சு. ஒரு ஆடிட்டர் பாத்தா கை தூக்குவார், அவ்ளோ நியாயமான பேச்சு. இந்திய போர்டு ஏத்துக்கல. அடுத்த வருஷம் லோர்காட் தென்னாப்பிரிக்க போர்டுக்கு தலைமை நிர்வாகியா வந்தார், இந்திய போர்டு முகம் சுளிச்சுது, 2013 டிசம்பர்ல வர வேண்டிய இந்திய டூர் சுருங்கிப் போச்சு, ரெண்டு டெஸ்ட், மூணு ஒன்டே, அவ்ளோதான். இந்தியா வர்ற சீசன்லதான் இந்த நாட்டு போர்டுக்கு டிவி காசு கொட்டும், மத்த வருஷமெல்லாம் அத வச்சுத்தான் ஓட்டணும், உங்க பாஷைல சொன்னா ஒரே கஸ்டமர் நம்பின கம்பெனி. அந்த கஸ்டமருக்குப் பிடிக்காத சிஇஓ. எந்த எக்செல்ல எந்த செல்லுல போடுவீங்க இத?

அதோட முடியல. 2017ல டி20 குளோபல் லீக்னு ஆரம்பிச்சார், எட்டு டீமுக்கு ஓனர்ங்க கெடச்சாச்சு, டிவிக்காரன் கெடைக்கல. செப்டம்பர்ல அவர் வெளிய, அக்டோபர்ல லீக்கு தள்ளிவச்சாங்க, அப்பறம் அது எந்திரிக்கவே இல்ல. அஞ்சு வருஷம் கழிச்சு எஸ்ஏ20ன்னு புது லீக் வந்தப்ப டிவிக்காரங்க சூப்பர்ஸ்போர்ட்ட லீக்குக்கு உள்ளயே பங்குதாரரா வச்சுக்கிட்டு ஆரம்பிச்சாங்க, ஆறு டீமையும் ஐபிஎல் ஓனர்ங்களே வாங்கிட்டாங்க, அதுல ஜோபர்க் சூப்பர் கிங்ஸும் சன்ரைசர்ஸ் ஈஸ்டர்ன் கேப்பும் சென்னைக் காசு. (2023ல மொத கோப்பையும் 2024ல ரெண்டாவதும் சன்ரைசர்ஸ்தான், எங்க வீட்ல அன்னிக்கு பாயசம், சும்மா சொல்றேன்.) அந்த 2017 லீக்ல ஆட்டக்காரங்க மோசமா இருந்தாங்கன்னு சொல்ல முடியாது, எத மொதல்ல கையெழுத்து வாங்கணும்ங்கற வரிசை மாறிப்போச்சு. இது நீங்க பண்ணக்கூடிய வேலை.

பணக்காரப் பக்கத்துத் தப்பையும் சொல்லணும், இல்லாட்டி நீங்க பேங்க்லேர்ந்து இறங்கிவந்து விளையாட்ட காப்பாத்தப் போற மாதிரி ஆயிடும். 2021 ஏப்ரல்ல ஐரோப்பிய சூப்பர் லீக், பன்னெண்டு பெரிய கிளப், 325 கோடி யூரோ ஜேபி மார்கன் ஃபைனான்ஸ், ஞாயித்துக்கிழமை அறிவிச்சாங்க, செவ்வாய்க்கிழமை ராத்திரிக்குள்ள ஆறு இங்கிலீஷ் கிளப்பும் கழண்டுடுச்சு. ரசிகர்கள் இப்படி எடுத்துப்பாங்கன்னு நாங்க தப்பா கணிச்சுட்டோம்னு பேங்கே அறிக்கை விட்டுது. அந்த டீல்ல கடன், வட்டி, தவணை எல்லாம் பாத்திருப்பாங்க, ஸ்டேடியம் வாசல்ல பேனர் புடிச்சு நிக்கறவன யாரும் பாக்கல. இங்கயும் 2024 டிசம்பர்ல எஸ்ஏ ரக்பி, வணிக உரிமைல 20 சதவீதத்த ஏழரைக் கோடி டாலருக்கு ஒரு சியாட்டில் கம்பெனிக்கு விக்கற டீல மாகாண யூனியன்கள் முன்னாடி வச்சாங்க, போதுமான ஓட்டு விழல, டீல் செத்துப்போச்சு. ரெண்டு தடவை உலகக் கோப்பை அடுத்தடுத்து ஜெயிச்ச டீம் இருக்கறப்ப இந்த வெலையான்னு கேட்டவங்க உண்டு, கைல காசு இல்லாதப்ப இந்த வெலையும் வராதுன்னு சொன்னவங்களும் உண்டு. நான் ரெண்டாவது கட்சியாத்தான் இருந்தேன், இப்ப அவ்ளோ உறுதியா இல்ல. நீங்க அந்த டீலோட நிபந்தனையெல்லாம் சுருக்கமா எழுதின டேர்ம் ஷீட் மாதிரி ஒண்ண எடுத்து ரெண்டு பக்கத்துக்கும் வாதாடிப் பாருங்க, சிமெண்ட்டவிட சுவாரஸ்யமா இருக்கும்.

ரெண்டையும் சேத்து வச்சுக்கறதுக்கு இந்த நாட்டுல ஒரு நெஜ வழி இருக்கு. 2009 ஐபிஎல் இந்தியத் தேர்தலால இங்க வந்தப்ப தென்னாப்பிரிக்க கிரிக்கெட் போர்டுல போனஸ் பணம் சம்பளக் கமிட்டிக்குத் தெரியாம போச்சுன்னு பெரிய ரகளை, நிக்கல்சன்னு முன்னாள் நீதிபதி விசாரிச்சார், போர்டுல வெளியாள் வேணும்ன்னு பேச்சு அப்பவே பலமா எழுந்துச்சு. அதுக்கு இன்னொரு பெரிய சண்டை, பாராளுமன்றம், மந்திரி தலையீடெல்லாம் ஆகி 2021லதான் வெளியாள்கள் பெரும்பான்மையா இருக்கற போர்டு வந்துச்சு. அந்த மாதிரி நாற்காலிக்கு, குறிப்பா ஆடிட் அண்ட் ரிஸ்க் கமிட்டிக்கு, ஆள் வேணும். அது முழுநேர வேலை இல்ல, பேங்க்ல இருந்துக்கிட்டே பண்ணலாம். ஆனா உங்க பேங்க் கம்ப்ளையன்ஸ்ல வெளி வேலைக்குன்னு ஒரு ஃபார்ம் இருக்குமே, அத மொதல்ல நிரப்பி அனுமதி வாங்குங்க, உங்க பேங்க் எந்த டிவி கம்பெனிக்கு, எந்த ஸ்பான்சருக்கு டீல் பண்ணுதுன்னு பாத்து, முட்டிக்கற எடத்துல எந்திரிச்சு வெளிய போங்க. வாய்ல சொன்னா போதாது, மினிட்ஸ்ல எழுதச் சொல்லுங்க. ரெண்டு எடத்துலயும் கால் வைக்கறதுல தப்பில்லன்னு அப்பாட்ட சொல்லுங்க, எந்தக் கால் எங்க இருக்குன்னு எல்லாருக்கும் தெரிஞ்சா சரி.

27 வயசுல தேசிய போர்டுல யாரும் கூப்பிட மாட்டாங்க. அதனால கீழேர்ந்து வாங்க. எங்க தலைமுறைக்கு முந்தி இங்க நிர்வாகம்னா அது போராட்டம், டர்பன்ல பொறந்த சாம் ராம்சாமி லண்டன்ல உக்காந்து நிறவெறி தென்னாப்பிரிக்காவ ஒலிம்பிக்ஸ்லேர்ந்து வெளிய வச்சிருக்கவே வருஷக்கணக்கா கடிதம் எழுதிட்டு இருந்தார், அப்பறம் 1992ல பார்சிலோனாவுக்கு இந்த நாட்டு டீம கூட்டிட்டுப் போனதும் அவரே, 1995ல ஐஓசி உறுப்பினர். டர்பன் கரீஸ் ஃபவுண்டன் மைதானத்துல லீக் நடத்தின பெருசுங்க யாருக்கும் எம்பிஏ கெடையாது, யாரு யார்கூட பேச மாட்டான், எந்த கிளப் எந்த கிளப்புக்கு ஓட்டுப் போடும்னு விரல் நுனில வச்சிருந்தாங்க. அதுல மிச்சம் இருக்கற ஒண்ணு ரெண்டு பேர் இன்னமும் சனிக்கிழமை மைதானத்துல நாற்காலி போட்டு உக்காந்திருப்பாங்க, ஒரு ஃபிளாஸ்க் டீயோட போனா பேசுவாங்க.

உங்க பக்கத்துல ஒரு ஹாக்கி கிளப் கண்டிப்பா இருக்கும், பொது கூட்டத்துல பொருளாளர் பதவின்னு சொன்னதும் எல்லாரும் செருப்பப் பாப்பாங்க. நீங்க கையத் தூக்குங்க. ரெண்டு வருஷம் பாருங்க, அதுக்கப்பறமும் ஆசை போகலன்னா நியூஷாடெல்லுக்கு அப்ளிகேஷன் போடலாம், சிபாரிசுக் கடிதம் நான் எழுதறேன், எழுத்தாளன் கடிதத்துக்கு அங்க என்ன மதிப்புன்னு தெரியாது. கிளப்போட போன வருஷக் கணக்க வாங்கினதும் எனக்கும் ஒரு காப்பி அனுப்புங்க. பிடிஎஃப் வேணும், போட்டோ எடுத்து வாட்ஸப்ல அனுப்பாதீங்க, கண்ணு தெரிய மாட்டேங்குது.