நாலு வரியில மூணு விடு

கேள்வி: கதை விடுறான், பீலா விடுறான், லுக்கு விடுறான்னு எதுக்கெடுத்தாலும் ஒரு 'விடு'வை ஒட்டிப் பேசுவது ஃபேஷனாகிவிட்டது. ஒரு சொல்லுக்கு ஒரு அர்த்தம்தானே இருக்கணும்? இளைஞர்கள் தமிழைக் கெடுத்துவிட்டார்கள். இந்த விடுவை ஒழித்துவிட வழி உண்டா?

பதில்: ஃபேஷனாகிவிட்டது, கெடுத்துவிட்டார்கள், ஒழித்துவிட. நாலு வரியில நீங்களே மூணு விடு விட்டிருக்கீங்க சார், எண்ணிட்டோம், இந்த 'எண்ணிட்டோம்'லயும் ஒண்ணு ஒளிஞ்சிருக்கு, எண்ணி விட்டோம்ங்கிறதுதான் தேஞ்சு தேஞ்சு அப்படி ஆச்சு. வந்துட்டேன், போயிட்டான், மறந்துட்டேன்னு நாள் முழுக்க பேசுறோமே, அதுல ஒட்டிக்கிட்டிருக்கிற 'ட்ட' வேற யாருமில்ல.

ஒரு சொல்லுக்கு ஒரு அர்த்தம்னு யார் சொன்னது? தொல்காப்பியரே 'பலபொருள் ஒருசொல்'னு தனியா ஒரு இனம் வச்சு, அதையும் ரெண்டு வகையா பிரிச்சிருக்கார். அப்பவும் யாராவது அவருக்கு இப்படி கேள்வி அனுப்பியிருப்பாங்களோ என்னவோ.

'பஸ்ஸ விட்டுட்டேன்'னு போன்ல ஒரு குரல் கேக்குதுன்னு வைங்க. ஸ்டாப்புல மூச்சு வாங்க நிக்கிறவர் சொன்னா பஸ் போயிருச்சு, டிரைவர் சொன்னா ஷெட்டுல கொண்டுபோய் நிறுத்தியாச்சு, இதே பஸ் முதலாளி 'அந்த ரூட்ல ரெண்டு பஸ் விட்டிருக்கேன்'னா அது ஜோரா ஓடிக்கிட்டிருக்கு. போனது, நின்னது, ஓடுறது எல்லாம் ஒரே விடுவுல அடங்குது, கேக்குற யாரும் குழம்புறதில்ல. மழை விட்டுச்சுன்னா முடிஞ்சது, செடி இலை விட்டுச்சுன்னா இப்பதான் ஆரம்பம். 'தூங்கிடு'ன்னா கட்டளை, 'தூங்க விடு'ன்னா கெஞ்சல். 'அவனை விட இவன் தேவலாம்'ங்கிறோமே, அந்த 'விட'வும் இதோட பிள்ளைதான், ஒருத்தனை ஓரமா விட்டாத்தானே இன்னொருத்தன் பெருசாத் தெரியுறான்.

சரி, உங்களுக்கு எரிச்சல் தர்ற ஸ்லாங்குக்கு வருவோம். கதை, பீலா, புருடா, கப்சா, ரீல், டூப், உதார்... எல்லாத்தையும் விடலாம். ஆனா 'பொய் விடுறான்'னு யாராவது சொல்லி கேட்டிருக்கீங்களா? பொய்ய சொல்லத்தான் முடியும். ஏன்னா பொய் சொல்றவனுக்கு நாம நம்பியே ஆகணும், மாட்டிக்கக் கூடாதுன்னு உள்ளுக்குள்ள உதறல் இருக்கும், பீலா விடுறவனுக்கு அந்தக் கவலையே கிடையாது, பட்டம் விடுற மாதிரி நூலை விட்டுக்கிட்டே இருப்பான், எவ்வளவு மேல போகுதுன்னு பாக்குறதுதான் அவனுக்கு சந்தோஷம். இந்த வித்தியாசத்தை எந்த வாத்தியாரும் போர்டுல எழுதிப்போட்டு சொல்லிக் குடுக்கல, ஆனாலும் எந்தப் பையனும் மாத்திப் பேசறதில்ல. கெடுக்குறவன் இவ்வளவு கரெக்டா கெடுப்பானா? (லுக்கு விடுறது எங்களுக்கும் பிடிக்காது, அது மொழிப் பிரச்சனை இல்ல, எதிர்ல இருக்கிறவங்க பிரச்சனை.)

பழசுதான் சுத்தம்னு சொல்வீங்கன்னா பழசுக்கே போவோம். குறள் 314, 'இன்னா செய்தாரை ஒறுத்தல் அவர்நாண நன்னயம் செய்து விடல்'. கடைசியில நிக்கிற அந்த விடலைப் பாருங்க. நல்லது செஞ்சுடுன்னும் படிக்கலாம், செஞ்சுட்டு அதோட விட்டுடுன்னும் படிக்கலாம். பரிமேலழகர் ரெண்டாவது கட்சி, அவன் செஞ்ச கெடுதல், நாம செஞ்ச நல்லது, ரெண்டையும் மறந்துடணும்னு உரை எழுதுறார். முதல் அர்த்தத்துல பெருந்தன்மை மட்டும்தான் இருக்கு, ரெண்டாவதுல அதைச் சொல்லிக் காட்டக்கூடாதுங்கிற அடக்கமும் சேர்ந்துடுது, எல்லாம் ஒரே ஒரு விடுவால.

அறம், பொருள், இன்பம், வீடுன்னு சொல்றோமே, அந்த வீடும் விடு நீண்டு வந்ததுதான். சுடு சூடாகும், கெடு கேடாகும், விடு வீடாகும். மோட்சத்துக்குப் போற வழியில கூட இவன்தான் நிக்கிறான், இவனை ஒழிக்கணும்ங்கிறீங்க.

இவ்வளவுக்கும் அப்புறமும் மனசு ஆறலைன்னா ஒண்ணு பண்ணுங்க, ஒரு விடுகூட இல்லாம அடுத்த கேள்வியை எழுதி அனுப்புங்க. அனுப்பினதும் போன் போட்டு 'அனுப்பிவிட்டேன்'னு மட்டும் சொல்லிடாதீங்க.