ராணுவமும் வேண்டும், கிரிக்கெட்டும் வேண்டும் என்கிற பையனின் அம்மாவுக்கு

அம்மா, போன வாரம் பையனோடு வந்திருந்தீர்கள். நீங்கள் பேசிக்கொண்டிருந்த அரை மணி நேரமும் அவன் வாயே திறக்கவில்லை. கடைசியில் போனை எடுத்து ஒரு பழைய ஸ்கோர் அட்டையைக் காட்டி, "சார், இவர் மேஜர், 304 அடிச்சிருக்கார், நான் ஏன் ரெண்டும் பண்ணக்கூடாது?" என்று கேட்டான். அன்று நேரமில்லாமல் அரைகுறையாகத்தான் பதில் சொன்னேன். நியாயமான கேள்வி அது, அதனால்தான் முழுசாக எழுதுகிறேன்.

அவன் காட்டிய மனிதர் ராபர்ட் பூர். 1866-ல் டப்ளினில் பிறந்தவர், ஆறடி நான்கு அங்குலம், பிரிட்டிஷ் ராணுவத்தில் 7-வது ஹுஸார் குதிரைப்படை அதிகாரி. முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன், இது உங்கள் பயத்தைக் கொஞ்சம் குறைக்கும். இவர் பத்து வயதிலேயே கோச்சிங் போய் வளர்ந்த ஆள் இல்லை. இந்தியாவில் பணியில் இருந்தபோதுதான், பம்பாய் கவர்னர் ஹாரிஸ் பிரபுவிடம் உதவி அதிகாரியாக இருந்த அந்தக் காலகட்டத்தில்தான், கிரிக்கெட் நூல்களைப் படித்து, வலையில் நின்று ஆட்டத்தைத் தீவிரமாகப் பழகினார். அப்போது வயது இருபத்தைந்தைத் தாண்டியிருந்தது. அப்புறம் படையோடு தென்னாப்பிரிக்கா போனார். 1895-96-ல் அங்கே ஆட வந்த இங்கிலாந்து அணிக்கு எதிராக, தென்னாப்பிரிக்காவுக்காகவே மூன்று டெஸ்ட் ஆடினார். பெரிதாக ரன் வரவில்லை.

வந்தது 1899 கோடையில். ஹாம்ப்ஷயர் கவுண்ட்டிக்காக, அதாவது இங்கிலாந்தின் ஒரு மாவட்ட அணிக்காக, ஜூன் 12-லிருந்து ஆகஸ்ட் 12 வரை, இரண்டே மாதத்தில், 1,399 ரன். அந்த சீசனில் மொத்தம் 1,551, சராசரி 91.23. இங்கிலாந்து சீசனில் அந்த சராசரியை 1930-ல் ஆஸ்திரேலியாவின் பிராட்மன் வந்துதான் தாண்டினார். டான்டன் மைதானத்தில் சோமர்செட்டுக்கு எதிராக அடித்ததுதான் உங்கள் பையன் காட்டிய 304. அந்த அட்டையில் அவன் கவனிக்காத இன்னொரு வரி இருக்கிறது. எதிர்முனையில் நின்று 225 அடித்த வின்யார்டும் ராணுவ அதிகாரிதான். ஆறாவது விக்கெட்டுக்கு இரண்டு பேரும் சேர்ந்து 411. ஆல்டர்ஷாட் என்கிற பெரிய ராணுவ முகாம் ஹாம்ப்ஷயரில்தான் இருக்கிறது, அதனால் அந்த அணிக்கு அதிகாரிகள் எளிதாகக் கிடைத்தார்கள்.

இதோடு நிறுத்தினால் கதை இனிக்கும். ஆனால் அதே வருடம் அக்டோபரில் தென்னாப்பிரிக்காவில் பிரிட்டனுக்கும் போயர்களுக்கும் போர் தொடங்கியது, பூர் அங்கே கிளம்பினார். அடுத்த வருடம் ஹாம்ப்ஷயர் ஒரு கவுண்ட்டி ஆட்டம்கூட ஜெயிக்கவில்லை, பட்டியலில் கடைசி. வாழ்க்கையின் உச்ச ஃபார்மில் இருந்த 33 வயது மனிதர் போர்க்களத்தில் ராணுவக் காவல் பொறுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். திரும்பி வந்தபின் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் ஆட்டங்கள். வின்யார்டுக்கும் அப்படித்தான், 1897-98-ல் ஆஸ்திரேலியப் பயணத்துக்கு அழைப்பு வந்தும் ராணுவப் பணியால் போக முடியவில்லை. இரண்டு பேருமே ராணுவம் அனுமதித்தபோது ஆடினார்கள், ராணுவம் கூப்பிட்டபோது மட்டையை வைத்துவிட்டுப் போனார்கள். தம்பிக்கு நான் சொல்ல வந்தது இதுதான்.

பணத்தையும் சொல்ல வேண்டும். அவர்கள் 'அமெச்சூர்' ஆட்டக்காரர்கள், அதாவது ஆடுவதற்குச் சம்பளம் வாங்காதவர்கள். குதிரைப்படை அதிகாரியாக இருக்கவே குடும்பச் சொத்து வேண்டியிருந்த காலம் அது, கோடையில் நீண்ட விடுப்பும் கிடைத்தது. சம்பளத்துக்கு ஆடியவர்களுக்குத் தனி உடைமாற்றும் அறை, பல மைதானங்களில் தனி வாசல். இந்தப் பிரிவினையை 1962-ல்தான் ஒழித்தார்கள். இன்று அங்கே கவுண்ட்டியானாலும் இங்கே மாநில அணிகள் ஆடும் ரஞ்சிக் கோப்பையானாலும் முழுநேர வேலை. நம் ராணுவ அதிகாரிக்கு ஆண்டு விடுப்பு 60 நாள், அதுவும் பணியிடம் அனுமதித்தால். எல்லையில் இருப்பவன் ரஞ்சி சீசனுக்கு லீவு கேட்க முடியாது.

சரி, நம் நாட்டில் வழியே இல்லையா? இருக்கிறது. முப்படையினரின் சர்வீசஸ் அணி ரஞ்சியில் ஆடுகிறது. அந்த அணிக்காகவும் ஆடிய லெப்டினன்ட் கர்னல் ஹேமு அதிகாரி 21 டெஸ்ட் ஆடி, 1959-ல் டெல்லியில் வெஸ்ட் இண்டீசுக்கு எதிராக இந்தியாவுக்கே கேப்டனாக இருந்தார். ஆனால் அவரும் முதலில் ராணுவக்காரர். இன்னொன்று, விளையாட்டு ஒதுக்கீட்டில் ராணுவத்தில் சேர்வது ஹவில்தார், நாயப் சுபேதார் நிலைகளில். அது கௌரவமான வேலை, குறைவாக நினைக்காதீர்கள், ஆனால் உங்கள் பையன் கேட்கும் அதிகாரி வழி அதுவல்ல.

அதிகாரி வழி இரண்டு. பன்னிரண்டாம் வகுப்போடு என்.டி.ஏ. எனும் தேசிய பாதுகாப்பு அகாடமித் தேர்வை எழுதினால், பயிற்சி தொடங்கும்போது வயது பதினாறரைக்கும் பத்தொன்பதரைக்கும் இடையில் இருக்க வேண்டும், தேர்வுக்கு அப்புறம் எஸ்.எஸ்.பி. எனும் அதிகாரித் தேர்வு வாரியத்தின் நேர்முகம் ஐந்து நாள், பிறகு கடக்வாஸ்லாவில் மூன்று வருடம், டேராடூனில் ஒரு வருடம். அந்த நாலு வருடம்தான் 19 வயது, 23 வயது அணிகளுக்கு ஆட வேண்டிய வயது, அது போய்விடும். இல்லையென்றால் கல்லூரியில் சேர்ந்து சென்னை லீக்கில் மூன்று வருடம் முழு மூச்சாக ஆடிவிட்டு, பட்டத்தோடு சி.டி.எஸ். எனும் பட்டதாரிகளுக்கான ராணுவ அதிகாரித் தேர்வை எழுதலாம். அதில் தேறினால் டேராடூனுக்கோ பரங்கிமலை பயிற்சி அகாடமிக்கோ போகலாம். கிரிக்கெட் கைகூடினால் அதிலேயே தொடரலாம், கூடாவிட்டால் 21 வயதில் ராணுவக் கதவு இன்னும் திறந்தே இருக்கும். உங்கள் பையனுக்கு நான் சொல்வது இந்த இரண்டாவது வழி, ஒரே ஒரு விஷயம் மாறாக இல்லாவிட்டால்.

அதை நீங்கள்தான் கேட்க வேண்டும். அப்பா இல்லாத நேரமாகப் பார்த்து, ஞாயிற்றுக்கிழமை மேட்ச் முடிந்து கிட் பையை இறக்கி வைக்கும்போது கேளுங்கள், "இனிமே மட்டையே தொட முடியாதுன்னு சொன்னாலும் ராணுவத்துக்குப் போவியா?" யோசிக்காமல் போவேன் என்றால் அடுத்த என்.டி.ஏ. விண்ணப்பத்தை நாமே உட்கார்ந்து போடலாம். தயங்கினால் திட்டாதீர்கள், கல்லூரிப் பட்டியலோடு அவனை மட்டும் அனுப்பி வையுங்கள், நான் பேசுகிறேன்.