பிரிட்டிஷ் துப்பறியும் நாவல்களில் கொலை ஏன் பெரும்பாலும் ஒரு மாளிகைக்குள்ளேயே நடக்கிறது?

இங்கிலாந்தின் கிராமப்புறத்தில் ஒரு பெரிய மாளிகை. விருந்துக்கு வந்து தங்கியவர்கள் எட்டுப் பத்துப் பேர். ஒரு கொலை, செய்தவர் அவர்களில் ஒருவர். 1920, 30களில் கொடிகட்டிப் பறந்த மாளிகைக் கொலை நாவலின் அமைப்பு இதுதான்.

மாளிகை வெறும் பின்னணி அல்ல. கல்யாண மண்டபத்தில் நகை காணாமல் போனால் யாரைக் கேட்பது? தாழ்ப்பாள் போட்ட வீட்டில் காணாமல் போனால், உள்ளே படுத்திருந்தவர்களைக் கேட்டால் போதும். சந்தேகப் பட்டியல் அப்படி மூடிக்கொள்வதால்தான் வாசகரும் கூடவே துப்பறிய முடிகிறது. சில நாவல்களில் படுக்கையறைகளின் வரைபடமே உண்டு; அகதா கிறிஸ்டியின் முதல் நாவலிலும் இருக்கிறது. அதைத் தாண்டிப் போய்விடாதீர்கள். எந்த இரண்டு அறைகளுக்கு நடுவே கதவு, அது எந்தப் பக்கம் தாழிட்டிருந்தது என்பதில்தான் பல பொய்ச் சாட்சிகள் உடையும். இரவுச் சாப்பாட்டு மணி, காபி வந்த நேரம் ஆகியவையும் அப்படித்தான்.

துப்பறிபவர் கண்ட தடயத்தை வாசகரிடம் மறைக்கக் கூடாது என்பது 1929இல் ஆங்கிலத் துப்பறியும் கதை எழுத்தாளர் ரொனால்ட் நாக்ஸ் வகுத்த பத்து விதிகளில் ஒன்று. என்னைக் கேட்டால், இந்த வகையின் உயிரே அந்த விதிதான்.

‘கடைசியில் பட்லர்தான் (மாளிகையின் தலைமை வேலையாள்) கொலைகாரன்’ என்று பலர் நினைக்கிறார்கள். உண்மையில் அப்படி முடிபவை மிகக் குறைவு. வேலையாளைக் குற்றவாளியாக்கக் கூடாது என்று அமெரிக்க எழுத்தாளர் எஸ். எஸ். வான் டைன் 1928லேயே விதி எழுதிவிட்டார்.