ஸ்னோ எமர்ஜென்சி: வண்டியை எங்கே நிறுத்துவது? (கேள்வி பதில்)

கனத்த பனி பெய்தால், தெருக்களைச் சுத்தம் செய்வதற்காக நகரம் கார் நிறுத்தத் தடை அறிவிப்பதுதான் ஸ்னோ எமர்ஜென்சி. அமெரிக்காவின் மினியாபொலிஸில் இப்படி ஒவ்வொரு அறிவிப்புக்கும் நம்மவர்கள் நாலைந்து பேரின் கார், தடையை மீறிய கார்களைத் தூக்கிச் செல்லும் டோ வண்டியில் ஏறிப் போவது வழக்கமாகிவிட்டது. நான் இங்கே பனி தள்ளும் ப்ளோ வண்டி ஓட்டுகிறேன். தெருவில் கார் நிறுத்துவது பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள். எந்த டயர் நல்லது, எந்த இன்சூரன்ஸ் மலிவு என்பதெல்லாம் எனக்குத் தெரியாது.

முதல்_பனி: ஆகஸ்டில்தான் குடிவந்தோம். கார் தெருவில்தான் நிற்கிறது. எந்த நாளில் எங்கே நிறுத்துவது? ஆளுக்கு ஒன்று சொல்கிறார்கள்.

மூன்று நாள் கணக்கு. நகரம் வழக்கமாக மாலை 6 மணிக்குள் அறிவித்துவிடும். அன்று இரவு 9 மணிக்கு முதல் நாள் தொடங்குகிறது. மறுநாள் காலை 8 வரை ஸ்னோ எமர்ஜென்சி ரூட் என்று குறித்த பெரிய தெருக்களில் இரண்டு பக்கமும் நிறுத்தக்கூடாது. அவற்றைத் தெருப்பெயர்ப் பலகையின் நீல நிறத்தை வைத்து அடையாளம் காணலாம். சிவப்பு வெள்ளைப் பலகையும் இருக்கும். அன்றிரவு காரை மற்ற சின்னத் தெரு எதிலாவது விடுங்கள்.

இரண்டாம் நாள் காலை 8 முதல் இரவு 8 வரை சின்னத் தெருக்களில் இரட்டைப்படைப் பக்கம், அதாவது வீட்டு எண்கள் இரட்டைப்படையாக உள்ள பக்கம், காலியாக இருக்க வேண்டும். பார்க்வே என்கிற பூங்காச் சாலைகளில் இரண்டு பக்கமுமே. மூன்றாம் நாள் அதே நேரம், சின்னத் தெருக்களில் ஒற்றைப்படைப் பக்கம். இந்த இரண்டு நாளும் பெரிய தெருக்களில் நிறுத்தலாம், அங்கே வேலை முடிந்திருக்கும்.

ஏன் இவ்வளவு சுற்று? ஆயிரம் மைலுக்கு மேல் தெரு, 3,700 பின்சந்துகள். ஆம்புலன்ஸும் தீயணைப்பு வண்டியும் பஸ்ஸும் போகிற வழியை முதலில் திறந்தாக வேண்டும். பிறகு குடியிருப்புத் தெருக்களை ஒரே நாளில் காலி செய்யச் சொன்னால் இத்தனை கார்களும் எங்கே போகும்? அதனால்தான் பாதி பாதியாக.

இனி நான் அடிக்கடி சொல்லப்போவதை இப்போதே சொல்லிவிடுகிறேன். ப்ளோ ஒருமுறை போனதைப் பார்த்துவிட்டுக் காரைத் திரும்பக் கொண்டுவந்து போடாதீர்கள். முதல் ஓட்டத்தில் நாங்கள் நடுவை மட்டும் திறப்போம். ஓரம் வரை முழு அகலமும் தள்ளினால்தான் அந்தத் தெரு முடிந்ததாகக் கணக்கு. டோ ஆகிற கார்களில் இப்படி அவசரப்பட்டுத் திரும்பி வந்தவை ஏராளம்.

கொரோலா2009: இன்று 14ஆம் தேதி, இரட்டைப்படை. அப்படியானால் இரட்டைப்படைப் பக்கம் நிறுத்தலாம்தானே?

நீங்கள் மேடிசனிலிருந்து வந்தவரா? அங்கே பெரும்பாலான தெருக்களில் அப்படித்தான்: நவம்பர் 15 முதல் மார்ச் 15 வரை, பனி பெய்தாலும் பெய்யாவிட்டாலும், நள்ளிரவு 1 மணி முதல் காலை 7 வரை தேதியைப் பார்த்துப் பக்கம் மாற்ற வேண்டும். டுலூத்தில் வாரத்துக்கு ஒரு பக்கம், ஞாயிறு மாலை மாற்றுவார்கள். மினியாபொலிஸில் தேதிக்கு வேலையே இல்லை. வீட்டு எண்ணைப் பாருங்கள். எமர்ஜென்சியின் எத்தனையாவது நாள் என்று பாருங்கள். அவ்வளவுதான்.

அப்டவுன்வாசி: பனி நேற்றே நின்றுவிட்டது. இன்று பளீரென்று வெயில். இன்னும் எமர்ஜென்சியா?

ஆமாம். பனி நின்ற பிறகுதான் எங்கள் முழு வேலையும். அறிவிப்பு வந்தால் கடிகாரம் ஓடத் தொடங்கிவிட்டது, வானத்தைப் பார்க்காதீர்கள்.

மறுகரை: நான் செயின்ட் பால். எங்களுக்கும் இதே விதியா?

இல்லை, ஆற்றைத் தாண்டினால் வேறு சட்டம். அங்கே நைட் ப்ளோ ரூட், டே ப்ளோ ரூட் என்று இரண்டு வகை. நைட் ப்ளோ ரூட் பலகை உள்ள இடத்தில் இரவு 9 முதல் காலை 6 வரை நிறுத்தக்கூடாது. பலகை இல்லாதவை டே ப்ளோ. அங்கே மறுநாள் காலை 8 முதல் மாலை 5 வரை நிறுத்தக்கூடாது. வடக்கு தெற்காக ஓடும் குடியிருப்புத் தெருக்களில் ஒரு பக்கம் மட்டும் நைட் ப்ளோ பலகை இருக்கும். இரவில் எதிர்ப்பக்கம் விடலாம். மினியாபொலிஸ் நண்பர் சொன்ன யோசனையைக் கேட்டுச் செயின்ட் பாலில் கார் நிறுத்தாதீர்கள். அவர்கள் சொல்வதைக் கேட்டு இங்கேயும் நிறுத்தாதீர்கள்.

மதுரைப்பயணி: பொங்கலுக்கு ஊருக்குப் போகிறோம், மூன்று வாரம். காரை வீட்டு வாசல் தெருவில் விட்டுப் போகலாமா?

கூடவே கூடாது. எமர்ஜென்சியே வராவிட்டாலும் மினியாபொலிஸில் ஒரே இடத்தில் 72 மணி நேரத்துக்கு மேல் தெருவில் விட முடியாது. ஒரு குளிர்காலத்துக்குச் சராசரியாக நான்கு ஸ்னோ எமர்ஜென்சி வருகிறது, அதில் ஒன்று நீங்கள் ஜல்லிக்கட்டு பார்க்கும்போது வரலாம். டோ கட்டணத்தோடு, இழுத்துப் போன காரை வைக்கும் இடத்தில் அது நிற்கிற ஒவ்வொரு நாளுக்கும் தனியாகக் காசு ஏறும். வீட்டு வளாகத்திலேயே கார் நிறுத்த டிரைவ்வே உள்ள நண்பர் வீட்டில் விட்டு, சாவியையும் அவரிடமே கொடுத்துவிட்டுப் போங்கள்.

டிக்கெட்வாங்கி: அபராத டிக்கெட்டை எதிர்த்து எப்படி முறையிடுவது?

ஹெனபின் கவுன்டி நீதிமன்றத்தின் வேலை அது. டிக்கெட்டிலேயே விவரம் இருக்கும்.

பெயர் வேண்டாம்: பார்க்கிங் மீட்டரில் காசு போட்டிருந்தேன். அப்படியும் டோவா?

மீட்டர் காசு எமர்ஜென்சியிலிருந்து காப்பாற்றாது.

வடகிழக்கு: எங்கள் தெருவில் பனியே இல்லை, வெயில் அடிக்கிறது, அப்புறம் எதற்கு…

மேலே அப்டவுன்வாசிக்குச் சொன்னதைப் படியுங்கள்.

வாசல்காரர்: இரண்டு மணி நேரம் டிரைவ்வேயைச் சுத்தம் செய்தால், உங்கள் ஆள் வந்து வாய்க்காலில் அணை போட்டதுபோல மூடிவிட்டுப் போகிறார். இதெல்லாம் நியாயமா?

இந்தக் கோபம் எங்களுக்குத் தினமும் கிடைப்பது. ப்ளோ வண்டியின் பிளேடு பனியை வலப்பக்கம் ஒதுக்குகிறது. உங்கள் வாசலில் மட்டும் தூக்கிப் பிடிக்க முடியாது. ஒரு வழி இருக்கிறது. வீட்டிலிருந்து தெருவைப் பார்த்து நில்லுங்கள். ப்ளோ உங்கள் இடப்பக்கமிருந்து வரும். வாரும் பனியையெல்லாம் வாசலின் வலப்பக்கம் குவியுங்கள். இடப்பக்கம், தெரு ஓரத்தில், ஒரு கார் நீளத்துக்கு ஒரு பள்ளம்போல வெட்டி வைத்தால் பிளேடில் இருக்கும் பனி அங்கே விழுந்துவிடும், வாசலுக்குக் கொஞ்சம்தான் வரும். கோபத்தில் அதை வாரித் தெருவில் மட்டும் போடாதீர்கள். அது சட்டப்படி தவறு, அப்புறம் நானே திரும்பி வந்து உங்களிடமே தள்ளுவேன்.

சிகாகோ சித்தப்பா: பனியைத் தோண்டி எடுத்த இடத்தில் நாற்காலி போட்டு வைக்கலாமா? இங்கே டிப்ஸ் (dibs, தோண்டியவருக்கே இடம்) என்று அதுதான் நடைமுறை. ஊரில் பஸ் ஜன்னல் வழியாகத் துண்டு போட்டு இடம் பிடிப்போமே, அதேதான்.

மினியாபொலிஸில் அந்தப் பழக்கம் கிடையாது. தெருவில் பொருள் வைப்பதும் தவறு. எமர்ஜென்சி நேரத்தில் நாற்காலி என்பது எனக்கு இன்னொரு கார் மாதிரி. இருட்டில் தெரியாமல் பிளேடில் மாட்டினால் உங்கள் நாற்காலி அடுத்த வீட்டு மரத்தில் தொங்கும். உங்கள் ஊரில் இன்னொன்றும் கவனியுங்கள். டிசம்பர் 1 முதல் ஏப்ரல் 1 வரை அதிகாலை 3 முதல் 7 வரை 107 மைல் நீளத்துக்குப் பெரிய சாலைகளில் பனி இல்லாத இரவிலும் நிறுத்தத் தடை. அங்கே எந்த நாற்காலியும் செல்லாது.

சிகாகோ சித்தப்பா: மேயராக இருந்த ரிச்சர்டு எம். டேலியே டிப்ஸை ஆதரித்தவர். முதுகு ஒடியத் தோண்டுகிறவனுக்கு உரிமை இல்லையா?

ஆதரித்தார்தான். ஆனால் அது சட்டமாகவில்லை. தெரு சுத்தம் செய்யும் துறை அந்த நாற்காலிகளை அள்ளிக்கொண்டு போவதும் உண்டு. சிகாகோ மேயர்கள் பனி விஷயத்தில் மக்களைப் பகைக்கப் பயப்படுவதற்குக் காரணம் இருக்கிறது. 1979 ஜனவரிப் பனிப்புயலைச் சரியாகச் சமாளிக்காத அப்போதைய மேயர் மைக்கேல் பிலாண்டிக், அடுத்த மாதமே கட்சியின் முதல்கட்டத் தேர்தலில் ஜேன் பைர்னிடம் தோற்றார்.

பாஸ்டன் பாட்டி: எங்கள் ஊரில் எமர்ஜென்சி முடிந்து 48 மணி நேரம் நாற்காலி வைத்துக்கொள்ள நகரமே விடுகிறது. நீங்கள் ஏன் இவ்வளவு கறாராக இருக்கிறீர்கள்?

அம்மா, அதில் எனக்குப் பாதி சம்மதம். முடிந்த பிறகு என்கிறார்கள் பாருங்கள், எங்கள் வேலை கெடாது. ஆனால் அதே பாஸ்டனில் சவுத் எண்ட் பகுதியில் அந்தப் பொருள்களே கூடாது என்று நிறுத்திவிட்டார்கள். பக்கத்து வீட்டுக்காரர்களே கேட்டு வாங்கிய தடை.

சிகாகோ சித்தப்பா: துண்டு போட்ட இடத்தில் உட்காருகிறவன்தான் தப்பு செய்கிறவன்.

சித்தப்பா, பஸ்ஸில் துண்டு போட்டவர் அதே பஸ்ஸில் ஏறி வந்து உட்காருவார். நீங்கள் நாற்காலியைப் போட்டுவிட்டு நாள் முழுக்க ஆபீஸ் போகிறீர்கள். இரவு வேலை முடிந்து வருகிற நர்ஸ் எங்கே நிறுத்துவார்? இந்த வழக்கை இங்கேயே முடிப்போம்.

பவ்டர்ஹார்ன்: எமர்ஜென்சி முடிந்தும் இரட்டைப்படைப் பக்கம் நிறுத்தக்கூடாது என்று ஒரு வருடம் சொன்னார்களே?

2023 ஜனவரி. அந்தப் பருவத்தில் 90 அங்குலம் பெய்தது, மினியாபொலிஸ், செயின்ட் பால் என்ற இரட்டை நகரங்களின் பதிவில் மூன்றாவது அதிகம். கார்களை எடுக்காத இடத்தில் ப்ளோ சுற்றிப் போகும், பனி அப்படியே உறைந்து கெட்டியாகும். மைனஸ் 9 டிகிரி செல்சியஸுக்குக் கீழே உப்பும் சரியாக வேலை செய்யாது. அடுத்து வருகிறவர் அந்தக் கட்டிக்கு வெளியே, இன்னும் நடுவில் நிறுத்துவார். இப்படியே தெரு ஒடுங்கித் தீயணைப்பு வண்டி நுழைய முடியாமல் போகும். அந்த நிலை வந்தால் ஏப்ரல் 1 வரை ஒரு பக்கத்தில் நிறுத்துவதை நகரம் தொடர்ந்து தடை செய்யலாம். மூன்று நாள் காரை நகர்த்தச் சோம்பியவர்களுக்காகத் தெரு முழுக்க இரண்டு மாதம் இடம் தேடி அலைந்தது.

லாங்ஃபெலோ: வெயில் அடித்தால்…

இல்லை.

தாமதம்: இரண்டாம் நாள், மணி மாலை 5. என் கார் இரட்டைப்படைப் பக்கம்தான் நிற்கிறது. காலையிலேயே ப்ளோ ஒருமுறை வந்து போய்விட்டது, என் காரைச் சுற்றி மட்டும் பனி. இனி வர மாட்டார்கள்தானே?

வருவோம், எங்களுக்கு முன்னால் டோ வண்டி வரும். 8 மணிவரை தடை இருக்கிறது. பதில் எழுத வேண்டாம், சாவியை எடுத்துக்கொண்டு கீழே இறங்குங்கள்.