கேமராவுக்கு முன்னும் பின்னும்

கே: நடிகரே படத்தை இயக்கினால், அவர் நடிப்பைப் பார்த்து ‘ஓகே’ சொல்வது யார்?

ப: முடிவு அவருடையதுதான்; ஆனால் டேக்கின்போது மானிட்டரில் கண் வைத்திருப்பவர் பெரும்பாலும் இணை இயக்குநர். முதலில் மாற்று ஆளை நிறுத்தி லைட்டிங், ஃபோகஸ், கேமரா நகர்வைச் சரிபார்த்து, நிற்கும் இடத்தில் தரையில் டேப் ஒட்டிவிடுவார்கள். ஒவ்வொரு டேக்கையும் ஓட்டிப் பார்த்தால் பொழுது போய்விடும். தன் முகத்தையே கவனித்து, எதிரில் நடிப்பவரைக் கோட்டைவிடுவது அதைவிட மோசம்.

கே: எதிரில் ஆளே இல்லாவிட்டால்?

ப: பார்த்திபனின் ‘ஒத்த செருப்பு சைஸ் 7’ (2019) அப்படித்தான். எழுத்து, இயக்கம், தயாரிப்பு, நடிப்பு எல்லாம் அவரே. மற்றவர்கள் வெறும் குரல்கள். அதனால் பாதிச் சுமை ஒலிக்கு. ஒலிக்கலவை செய்த ரசூல் பூக்குட்டிக்கு அதற்காகத் தேசிய விருது கிடைத்தது நியாயமே!